இளங்கோவன்: திரைக்கு உரைநடை தந்தவர்

தமிழ்ப் பேசும்படத்தில் வசனம் எப்பொழுது தோன்றியது என்று நம் சீர்திருத்த அன்பர்களைக் கேட்டால், பெரும்பாலோர் 1949 என்பர். அறிஞர் அண்ணாவின் 'வேலைக்காரி' வெளிவந்த ஆண்டு அது. இன்னுஞ் சிலர் 1952 என்பர். கலைஞரின் 'பராசக்தி'யில் குணசேகரன் கூண்டில் நின்று சமுதாயத்தைக் கேள்வி கேட்ட ஆண்டு அது. ஈப்போ நகர மண்டபங்களிலும் தோட்டத்துத் திடல்களிலும் நாமும் இவ்விரண்டு ஆண்டுகளையே மேடை ஏறிக் கூறியிருக்கின்றோம். கூறியது தவறு. தமிழ்த் திரையில் உரைநடைக்கு மதிப்புத் தேடித்தந்தவர் அவ்விருவருக்கும் முன்னவர் ஒருவர். 1937ஆம் ஆண்டிலேயே அவர் தம் பணியைத் தொடங்கிவிட்டார். இளங்கோவன் என்பது அவர் பெயர். நம் இளைஞருள் நூற்றில் ஒருவராவது அப்பெயரை அறிவாரா என்பது ஐயம். அறியாமைக்குக் காரணம் அவர்களல்லர், நாமே.

அவர் காலத்துக்கு முன்னர்த் தமிழ்ப்படம் எந்நிலையில் இருந்தது என்பதை முதலில் நினைவுகூர வேண்டும். 1931 அக்டோபர் 31இல் வெளிவந்த 'காளிதாஸ்' தமிழின் முதற் பேசும்படம் எனப்படுகிறது. அதிலே தமிழும் தெலுங்கும் கலந்து ஒலித்தன. பேசும்படம் என்று பெயர் வைத்துக்கொண்டு வந்ததே தவிர, பேச்சு அதில் மிகச் சொற்பம். பின்னர் வந்தவையும் அவ்வாறே. மேடை நாடகத்தைக் காமிராவின் முன் நிறுத்திப் பிடித்தனர்; நாடகமோ பாட்டை நம்பியது. 1934இல் வந்த 'பவளக்கொடி'யில் ஏறத்தாழ ஐம்பது பாட்டுகள். பாகவதரின் குரலைக் கேட்கவே மக்கள் திரண்டனர். இரண்டு பாட்டுகளுக்கு இடையே உள்ள பேச்சு, சங்கீதக் கச்சேரியில் வித்துவான் தொண்டையைச் செருமிக்கொள்ளும் இடைவேளை போன்றது. அப்பேச்சும் எப்படிப்பட்டது? "நாதா", "பிராணநாயகி", "ஸ்வாமி" என்று தொடங்கி, வடசொற்களால் நிறைந்து, அக்கிரகாரத்துப் பேச்சு வழக்கிலே முடியும். அரசனும் அப்படியே பேசுவான். வேடனும் அப்படியே பேசுவான். உழுது உண்ணும் தமிழனுக்கும், பால்மரம் வெட்டி உண்ணும் தமிழனுக்கும் அந்தப் பேச்சிலே ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. வசனம் எழுதியவர் யார் என்று கேட்பாரும் இல்லை.

இந்நிலையில் வந்தவர்தாம் இளங்கோவன். தணிகாசலம் என்பது அவருடைய இயற்பெயர். 1933இல் தோன்றிய 'மணிக்கொடி' ஏட்டைச் சூழ்ந்திருந்த எழுத்தாளர் கூட்டத்தைச் சேர்ந்தவர் அவர். ஸ்டாலின் சீனிவாசன், வ. ரா., டி. எஸ். சொக்கலிங்கம் ஆகியோர் தொடங்கிய அந்த ஏடு தமிழ்ச் சிறுகதைக்குச் செய்த தொண்டு யாவரும் அறிந்தது. ஆனால் அந்த ஏட்டுக்காரர் திரைக்குச் செய்த தொண்டு பேசப்படுவதில்லை. பி. எஸ். ராமையா திரைக்குப் போனார். புதுமைப்பித்தன் போனார், பாகவதரின் 'ராஜமுக்தி'க்கு எழுதச் சென்று, நோயுற்று, 1948இல் திருவனந்தபுரத்தில் மறைந்தார். இவர்களுக்கெல்லாம் முன்னே சென்று, கூட்டத்தாருள் திரையிலே உண்மையாக வென்றவர் தணிகாசலமே. சிறுகதை எழுதிய கைக்கு ஒரு பழக்கம் உண்டு. வீண் சொல்லை வெட்டும், பேசுகிறவன் யார் என்று பார்க்கும். அந்தக் கையோடுதான் அவர் ஸ்டூடியோவுக்குள் புகுந்தார்.

புகுத்தியவர் தமிழரல்லர் என்பது வேடிக்கை. எல்லிஸ் ஆர். டங்கன் என்ற அமெரிக்கர், கலிபோர்னியாவில் படத்தொழில் பயின்றவர், 1935இல் இந்தியாவுக்கு வந்தார். 1936இல் அவர் இயக்கிய 'சதி லீலாவதி'யின் நாயகன், கொலைப்பழிக்கு அஞ்சிக் கப்பலேறி இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் கூலியாகிறான். தோட்டத் தமிழன் திரையிலே தலைகாட்டிய தொடக்ககாலப் படங்களுள் அஃது ஒன்று என்பதை நம் தோட்டத்து வாசகர் குறித்துக்கொள்ளலாம். அந்த டங்கன் அடுத்த ஆண்டில் 'அம்பிகாபதி'யை எடுத்தார். கம்பர் மகன் அம்பிகாபதிக்கும் சோழன் மகள் அமராவதிக்கும் உண்டான காதலும், நூறு பாட்டுப் பாட வேண்டிய சோதனையும், எண்ணிக்கையில் நேர்ந்த பிழையால் வந்த மரணமும் தமிழருக்குப் பழங்கதை. டங்கனுக்குத் தமிழில் ஓர் எழுத்தும் தெரியாது. ஆனால் கதையைக் கேட்டவுடன் அவருக்கு ஷேக்ஸ்பியரின் 'ரோமியோ ஜூலியட்' நினைவுக்கு வந்துவிட்டது. அந்த நாடகத்தில் வேண்டிய இடங்களைக் குறித்து இளங்கோவனிடம் கொடுத்து, இதுபோல் தமிழில் வேண்டும் என்றார்.

இங்கேதான் ஒரு சாதாரண எழுத்தாளன் தடுக்கி விழுந்திருப்பான். ஆங்கிலத்தைச் சொல்லுக்குச் சொல் பெயர்த்து வைத்திருப்பான். அல்லது, இது நம் பண்பாட்டுக்கு ஒவ்வாது என்று பழைய "நாதா"வுக்கே திரும்பியிருப்பான். இளங்கோவன் இரண்டையும் செய்யவில்லை. உப்பரிகையில் நிற்கும் பெண்ணிடம் விடைபெறும் காதலன் தமிழனாயிருந்தால் எப்படிப் பேசுவான் என்று எண்ணினார். சிறு சிறு வாக்கியங்கள். ஒவ்வொன்றும் மூச்சு நிற்குமிடத்தில் நிற்கும். அதில் வடசொல் குறைவு. ஓசை உண்டு, ஆயினும் செய்யுளல்ல. பாட்டிலேதான் காதல் செய்ய முடியும் என்றிருந்த திரையில், பேச்சிலும் காதல் செய்யலாம் என்பதை மக்கள் முதன்முறையாகக் கண்டனர். பாகவதரின் பாட்டுக்காக வந்த கூட்டம் அவருடைய பேச்சையும் மனப்பாடம் செய்துகொண்டு போயிற்று. படம் ஓராண்டுக்கு மேல் ஓடியது.

இவ்வெற்றிக்குப் பின் பாகவதர் அவரை விடவில்லை. 1939இல் 'திருநீலகண்டர்', 1941இல் 'அசோக்குமார்', 1943இல் 'சிவகவி', 1944இல் 'ஹரிதாஸ்' ஆகிய நான்கிற்கும் உரையாடல் அவருடையதே. 'திருநீலகண்டர்' அடியார் கதைதான். ஆயினும் அதன் நடுவே நிற்பவள், பரத்தை வீடு சென்று திரும்பிய கணவனைத் தீண்டக்கூடாதென்று தடுத்து நிறுத்தி, முதுமைவரை அச்சொல்லை மாற்றாத ஒரு குயவர் மனைவி. பெண்ணடிமைத்தனத்தைக் கண்டிக்கும் நாம் பெரிய புராணத்தில் ஒதுக்கத் தகாத இடம் ஒன்று உண்டென்றால் இதுவே. 'அசோக்குமார்' அசோகன் மகன் குணாளன் கதை. மாற்றாந்தாய் திஷ்யரட்சிதை அவன்மீது காமுற்று, அவன் மறுக்கவே, பழிசுமத்திக் கண்ணிழக்கச் செய்கிறாள். அந்தத் திஷ்யரட்சிதையாக நடித்தவர் பி. கண்ணாம்பா. முடிவில் புத்தர் அருளால் கண் மீள்கிறது. அந்த அற்புதத்தை நாம் ஏற்கவேண்டியதில்லை. ஆனால் ஆசை கொண்டு அவமானப்பட்ட ஓர் அரசியின் சினத்தை எழுதிய இடத்தில், இளங்கோவன் தமக்கு வேண்டிய குரல் எது என்பதைக் கண்டுகொண்டார் என்றே நாம் கருதுகின்றோம். பாகவதரின் குரல் பாட்டுக்கு ஏற்றது. வசனத்துக்கு ஏற்ற குரல் கண்ணாம்பாவினுடையது.

அக்குரலைக்கொண்டு அவர் செய்த பெருஞ்செயல் 1942இன் 'கண்ணகி'. எடுத்தோர் ஜூபிட்டர் பிக்சர்ஸ் நிறுவனத்தார். கோவலனாகப் பி. யு. சின்னப்பா, கண்ணகியாகக் கண்ணாம்பா. கண்ணாம்பாவின் தாய்மொழி தெலுங்கு. தமிழ் வசனத்தைத் தெலுங்கு எழுத்தில் எழுதி வைத்துக்கொண்டு படித்துப் பேசினார் என்பர். அவர் பேசியதைக் கேட்டவர் எவரும் இதை நம்பமாட்டார். ல, ள, ழ மூன்றும் வேறுவேறாக ஒலிக்கும். இன்று தமிழகத்திலே பிறந்து தமிழ்த் திரையிலே பிழைப்போர் சிலருடைய உச்சரிப்பை எண்ணிப் பார்க்க நமக்கு நாணமாயிருக்கிறது.

சிலப்பதிகாரத்தில் வழக்குரை காதை நீண்டதன்று. கண்ணகி வாயிலில் நிற்கிறாள், உள்ளே அழைக்கப்படுகிறாள், தன் ஊரும் பேரும் சொல்கிறாள், தன் சிலம்பில் மாணிக்கம் என்கிறாள், அரசன் தன் தேவியின் சிலம்பில் முத்து என்கிறான், சிலம்பு உடைகிறது, மாணிக்கம் தெறிக்கிறது, அரசன் உயிர் நீங்குகிறது. அடிகள் மிகச் சுருங்கிய சொற்களிலே இதைக் கூறிவிடுகிறார். புலவர்க்கு அது போதும். உ. வே. சாமிநாதையர் 1892இல் பதிப்பித்த பின்னும் அக்காப்பியம் புலவர் அலமாரியில்தான் இருந்தது. எழுதப் படிக்கத் தெரியாத ஒருவன் அந்த அவையின் நடுவே நிற்கவேண்டுமானால் என்ன செய்வது? இளங்கோவன் அந்தச் சில அடிகளைப் பெரிய வழக்காக விரித்தார். கேள்விமேல் கேள்வியாகக் கண்ணகி அரசனை நெருக்கினாள். குற்றஞ்சாட்டப்பட்டவனை விசாரித்தாயா, சாட்சி யார், ஒரு பொற்கொல்லன் சொல்லே போதுமா என்ற பொருளிலே அவள் பேச்சு படிப்படியாக ஏறிற்று. அழுகையில் தொடங்கிச் சினத்திலே முடிந்தது. மன்னனை நோக்கி ஒரு குடிமகள், அதுவும் ஒரு வணிகர் குலத்துக் கைம்பெண், நியாயம் கேட்கும் காட்சியைத் தமிழ்நாட்டு ஊர்தோறும் மக்கள் கண்டனர்.

இளங்கோவடிகளின் பெயரைத் தமக்குச் சூட்டிக்கொண்ட ஒருவர் அவ்வடிகளின் கதையையே பாமரருக்கு எடுத்துச் சொல்ல நேர்ந்ததை ஒரு பொருத்தமென்றே சொல்லலாம். நாள்தான் அதனினும் பொருத்தம். 1942 ஆகஸ்டு 22இல் அப்படம் வெளிவந்தது. காங்கிரஸ் தலைவர்கள் சிறைப்பட்டு இரண்டு வாரமே ஆகியிருந்தது. வெள்ளையன் ஆட்சியை மேடையில் ஒரு வார்த்தை கண்டித்தால் கைது. திரையிலோ ஒரு பெண், ஆராயாது தண்டித்த அரசனைப் பார்த்துக் கொட்டகையே அதிரும்படி கேட்கிறாள். அதிகாரிகளால் என்ன செய்ய முடியும்? அவன் பாண்டியனாயிற்றே!

அப்பொழுது நம் பேராக் நாடு எந்நிலையில் இருந்தது என்பதையும் எண்ணவேண்டும். 1941 டிசம்பர் முடிவதற்குள் ஈப்போ ஜப்பானியர் கைக்குப் போய்விட்டது. ஆண்டு பிறக்கும் தறுவாயில் கம்பாரில் பெரும்போர் நடந்தது. கடல்வழி அடைபட்டது. சென்னைத் துறையிலிருந்து படச்சுருள் ஏற்றிய கப்பல் பினாங்குக்கு வருவது நின்றது. ஆகவே சென்னையில் கண்ணகி நியாயம் கேட்ட நாட்களில், அக்குரல் நமக்குக் கேட்கவில்லை. நம் தோட்டங்களில் ரப்பர் ஆலை நின்றது, அரிசி இல்லை, மரவள்ளியே உணவு. லயத்து ஆடவரைப் பிடித்துச் சயாம் மரண இரயில்பாதைக்கு அனுப்பினர். 1943 அக்டோபரில் அப்பாதை இணைக்கப்பட்டபோது, மலாயாவிலிருந்து சென்ற தமிழ்த் தொழிலாளர் பல்லாயிரவர் காட்டிலே மடிந்திருந்தனர். விசாரணையுமில்லை, தீர்ப்புமில்லை. 1945இல் போர் ஓய்ந்து கப்பல் வழி திறந்த பின்னரே 'கண்ணகி' போன்ற படங்கள் இக்கரைக்கு வர வழி உண்டாயிற்று. கணவனைச் சயாமுக்குக் கொடுத்துவிட்டுத் தனியே மரம் வெட்டிய பெண் ஒருத்தி, தோட்டத் திடலில் கட்டிய வெள்ளைத் துணியில் கண்ணாம்பா அவையேறும் காட்சியைக் கண்டால் அவளுக்கு அது புராணமாகத் தோன்றுமா? அவளுக்கு அது செய்தி.

தோட்டத்தில் படக்காட்சி என்பது எத்தகையது என்பதை இன்றைய நகரத்துப் பிள்ளைகளுக்குச் சொல்லவேண்டியிருக்கிறது. சம்பள நாளை ஒட்டியோ, திருவிழாவை ஒட்டியோ, வண்டியில் கருவி வரும். பிரட்டுக் களத்திலோ பந்தாட்டத் திடலிலோ இரு கம்பம் நட்டுத் துணி கட்டுவர். பொழுது சாயுமுன்னே பாய் போட்டு இடம் பிடித்தாகிவிடும். துணியின் பின்புறம் அமர்ந்து, எழுத்தெல்லாம் இடம்வலமாய்த் திரும்பியிருக்கப் பார்ப்போரும் உண்டு. எழுத்து எப்படியிருந்தால் என்ன, படிக்கத் தெரிந்தவர் எத்தனை பேர்? 1912ஆம் ஆண்டுத் தொழிலாளர் சட்டம் பத்துப் பிள்ளைகள் உள்ள தோட்டத்தில் பள்ளி வேண்டும் என்றது. பள்ளி என்ற பெயரில் ஒரு கொட்டகையும், கணக்கு எழுதும் நேரம்போக மீதி நேரத்தில் பாடம் சொல்லும் ஒரு கிராணியும் இருந்த இடங்கள் பல. அரிச்சுவடி தாண்டுமுன் பிள்ளை பால்வாளி தூக்கப் போய்விடும். அத்தகைய மக்களுக்கு நல்ல தமிழ் உரைநடை எவ்வழியாக வந்தது? நூல் வழியாக அன்று. செய்தித்தாளை ஒருவர் படிக்கப் பலர் கேட்டனர், அது சிறிது. மேடைப்பேச்சு வந்தது, அது எப்போதாவது. திரையிலிருந்து காது வழியாக வந்ததே மிகுதி. ஒரு முறை கேட்டதை வெட்டுக்காட்டில் மறுநாள் திருப்பிச் சொல்லிப் பார்ப்பர். மாரியம்மன் திருவிழா நாடகத்தில் கங்காணி மகன் அதையே கம்பீரமாகப் பேசுவான். கேட்போரும் பேசுவோரும் எழுதியவர் பெயரை அறியார்.

இனி நம் குறையைச் சொல்லவேண்டும். 'சிவகவி' முருகனைப் பாட மறுத்த பொய்யாமொழிப் புலவரின் கதை, முடிவில் பணிகிறார். 'ஹரிதாஸ்' பெற்றோரைப் புறக்கணித்த மகன் முனிவரை உதைத்துக் காலிழந்து, பின் திருந்தி, தெய்வத்தால் காலைத் திரும்பப் பெறும் கதை. தெய்வத்தையே செங்கல்லின்மேல் காத்து நிற்கச் சொல்கிறான்! இந்த இரண்டும், குறிப்பாகப் பின்னது, மக்கள் மனத்தில் மூடநம்பிக்கையை இனிப்பில் தோய்த்து ஊட்டின என்பதில் நமக்கு ஐயமில்லை. 'ஹரிதாஸ்' சென்னை பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைக் கண்டது. அதற்குள் பாகவதரும் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணனும் லட்சுமிகாந்தன் கொலை வழக்கிலே சிக்கிச் சிறை சென்றுவிட்டனர், 1947இல்தான் விடுதலையாயினர். நாயகன் சிறையிலிருக்க, அவன் படம் கொட்டகையிலே ஓடிக்கொண்டிருந்தது! அந்த வெற்றியில் இளங்கோவன் வசனத்துக்கும் பங்கு உண்டு. நியாயம் கேட்ட கண்ணகிக்கு எழுதிய அதே எழுதுகோல், காலை வளரச் செய்யும் கடவுளுக்கும் எழுதிற்று. அவரைச் சீர்திருத்தவாதி என்று நாம் உரிமை கொண்டாட முடியாது, கூடாது. தொழிலுக்கு எழுதியவர். கதையைத் தேர்ந்தவர் முதலாளி.

ஆயினும் நீதி செய்வோமாயின் ஒன்று கூறவேண்டும். அப்படங்களில் மூடநம்பிக்கையைக் கேலி செய்த பகுதியும் இருந்தது, அது கலைவாணருடையது. அம்பிகாபதி, திருநீலகண்டர், கண்ணகி, ஹரிதாஸ் ஆகிய இவற்றிலெல்லாம் கலைவாணரும் மதுரமும் ஒரு மூலையில் தங்கள் கடையைத் தனியே நடத்திவந்தனர். பக்தி ஒருபுறம், பரிகாசம் ஒருபுறமாக ஒரே கொட்டகையில் நடந்த வியாபாரம் அது. மக்கள் இரண்டையும் வாங்கினர். எதை வீட்டுக்குக் கொண்டுபோயினர் என்பதே கேள்வி.

போர்க்காலம் வசனகர்த்தாவுக்கு எதிர்பாராத ஒரு துணையும் செய்தது. படச்சுருள் பஞ்சத்தால் அரசாங்கம் ஒரு படத்தின் நீளத்தை 11,000 அடிக்குமேல் போகக்கூடாதெனக் கட்டுப்படுத்தியது. அதற்கு முன்னர் அதில் ஒன்றரை மடங்கு நீளமுள்ள படங்கள் சாதாரணம். நாற்பது பாட்டுக்கு இனி இடமில்லை. கதையைப் பாட்டால் இழுக்க முடியாது. பேச்சால் விரைந்து நடத்த வேண்டும். ஐம்பது பாட்டு பத்துப் பதினைந்தாயிற்று. கலை வளர்ந்தது சட்டத்தாலா, இளங்கோவனாலா என்று கேட்டால், இடத்தை ஒழித்துக் கொடுத்தது சட்டம், அவ்விடத்தில் குடியேறத் தகுந்த உரைநடையை முன்பே ஆக்கி வைத்திருந்தவர் இளங்கோவன் என்போம்.

1944இல் ஜூபிட்டர் நிறுவனத்தார் 'மகாமாயா'வை எடுத்தனர். மீண்டும் சின்னப்பா, மீண்டும் கண்ணாம்பா, மீண்டும் இளங்கோவன். 'கண்ணகி' போல் அஃது ஓடவில்லை. சரித்திர நிறம் பூசிய கற்பனைக் கதை. வசனமோ அடுக்கு மொழியும் உவமையுமாக ஓங்கி நின்றது. கேட்கச் சுவையானதுதான். ஆனால் பேசுகிற பாத்திரத்தை மறந்து எழுதினவன் பேசத் தொடங்கிவிட்டால் நாடகம் நொண்டும். அம்பிகாபதியின் காதலன் தன் காதலியிடம் பேசினான். மகாமாயாவின் மாந்தர் சபையைப் பார்த்துப் பேசினர். சிறுகதைக்காரரின் சிக்கனம் எங்கோ நழுவிவிட்டது. வசனம் புகழ்பெற்றதே வசனத்துக்கு வந்த கேடு.

இந்தக் கேடும் அந்த ஆக்கமும் சேர்ந்துதான் அடுத்த தலைமுறைக்குக் கைமாறின. கைமாறிய இடம் எது என்பதைச் சரித்திரம் ஐயத்துக்கிடமின்றிக் காட்டுகிறது. 'கண்ணகி'யை எடுத்த அதே ஜூபிட்டர் நிறுவனம் 1947இல் 'ராஜகுமாரி'யை எடுத்தது, எம். ஜி. இராமச்சந்திரன் முதன்முதல் நாயகனான படம். அதற்கு உரையாடல் எழுதுவதில் ஈடுபட்ட இளைஞர் மு. கருணாநிதி. 1949இல் அதே ஜூபிட்டர் நிறுவனமே அண்ணாவின் 'வேலைக்காரி'யை எடுத்தது. 1950இல் 'மந்திரிகுமாரி' வந்தது. வசனம் கருணாநிதி, இயக்கியோருள் ஒருவர் எல்லிஸ் ஆர். டங்கன். பதின்மூன்று ஆண்டுகளுக்கு முன் இளங்கோவன் கையில் ஷேக்ஸ்பியரைக் கொடுத்த அதே அமெரிக்கர், தமிழ்நாட்டை விட்டுப் புறப்படுமுன் கருணாநிதியின் வசனத்தைப் படமாக்கினார். இரு முனையிலும் ஒரே மனிதர் நிற்கிறார். இளங்கோவனின் வசனத்தால் தாம் ஈர்க்கப்பட்டதைக் கருணாநிதியே மறைக்காமல் ஒப்புக்கொண்டவர். தலைவர் ஒப்புக்கொண்டதைத் தொண்டர்கள் மறந்துவிட்டோம்.

இதன் பொருள் அண்ணாவும் கலைஞரும் புதிதாக ஒன்றும் செய்யவில்லை என்பதன்று. இளங்கோவனின் கண்ணகி செத்துப்போன பாண்டியனைக் கேட்டாள். பராசக்தியின் குணசேகரன் உயிரோடிருந்த சமுதாயத்தைக் கேட்டான். வேலைக்காரியில் ஆனந்தன் காளி சிலையின் முன் நின்று கேட்டது, சிலைக்குப் பின்னே ஒளிந்திருந்த பணக்காரனைத்தான். குற்றவாளியின் முகவரியை மாற்றியதே அவர்கள் செய்த புரட்சி. ஆனால் அவை நடுவே ஏழை ஒருவன் நிமிர்ந்து நின்று, படிப்படியாகக் குரலுயர்த்தி வழக்காடலாம், பாட்டில்லாமலே கூட்டம் அதைக் கேட்கும் என்ற கண்டுபிடிப்பு 1942இலேயே நடந்துவிட்டது. பீரங்கி பழையது, அதைத் திருப்பி வைத்த திசை புதிது.

நம் இயக்கத்துக்குள்ளேயே கண்ணகியைப் பற்றி ஒருமித்த கருத்து இருந்ததில்லை என்பதும் இங்குக் கூறத்தக்கது. பெரியார் சிலப்பதிகாரத்தைக் கடுமையாகக் கண்டித்தார். பரத்தையிடம் சென்ற கணவனுக்காக ஊரை எரித்தவளைப் பெண்களுக்கு எடுத்துக்காட்டாக்குவதா என்று கேட்டார். பாரதிதாசனும் கலைஞரும் அவளைத் தமிழினத்தின் அறச்சினமாகப் போற்றினர். 1964இல் கலைஞர் 'பூம்புகார்' என்று அக்கதையையே திரைக்கு மீண்டும் எழுதினார். இருதிறத்தார் வாதத்திலும் உண்மை உண்டு. நாம் பெரியார் பக்கமே சாய்வோம். ஆயினும், மதுரையை எரித்த கண்ணகியை விட்டுவிட்டு, வழக்குரைத்த கண்ணகியை மட்டும் எடுத்துக்கொண்டால் கேடில்லை என்பது நம் துணிபு. இளங்கோவனின் வலிமையும் அந்த இடத்திலேதான்.

1929 டிசம்பரில் பெரியார் இம்மலாயாவுக்கு வந்து பேசியபோது, அவர் பேச்சில் அடுக்கும் இல்லை, எதுகையும் இல்லை. வீட்டுத் திண்ணையில் பேசுவதுபோல் பேசினார். தோட்டத் தொழிலாளிக்கு முழுதும் விளங்கிற்று. பின்னர் இங்கே நம் மேடைகளில் கேட்ட பேச்சு அதுவன்று. கூட்டத்துக்குக் கூட்டம், "அலைகடலென" என்று தொடங்கி மூச்சுவிடாமல் அடுக்கினோம். தலைமை தாங்கியவரும் அடுக்கினார். நன்றி கூறியவரும் அடுக்கினார். அதை அண்ணாவிடம் கற்றோம் என்று நினைத்துக்கொண்டிருந்தோம்; அண்ணாவுக்கும் முன்னே திரையில் அது பழகியிருந்தது. 'மகாமாயா'வின் பிழையை ஐம்பது ஆண்டு நம் மேடைகளும் செய்தன என்றால், அதற்கு இளங்கோவன்மீது பழி போடலாகாது. அவரிடம் அளவும் இருந்தது, அளவுமீறலும் இருந்தது. நாம் பின்னதைப் பொறுக்கி எடுத்துக்கொண்டோம்.

தோட்டங்கள் துண்டாடப்பட்டன. பல செம்பனைக்கு மாறின. சில வீடமைப்புப் பகுதிகளாயின. சுங்கை சிப்புட்டிலும் பீடோரிலும் தெலுக் இந்தானிலும் லயம் இருந்த இடத்தைக் காட்ட முதியோர் சிலரே மிஞ்சினர். வெள்ளைத்துணிப் படக்காட்சி போய்த் தொலைக்காட்சி வந்து, அதுவும் பழசாகி, இன்று படம் கைப்பேசிக்குள் வந்துவிட்டது. அதனால் ஒரு நன்மை. அம்பிகாபதியும் அசோக்குமாரும் கண்ணகியும் ஹரிதாசும் அழிந்துபோகாமல் எஞ்சிய படங்கள். ஒலி தேய்ந்து, படம் மங்கிக் கிடந்தாலும் எவரும் இன்று பார்க்கலாம். இளைஞர் எவரேனும் பார்க்க விரும்பினால், எல்லாவற்றையும் தொடக்கமுதல் இறுதிவரை பொறுமையாகப் பார்க்கும்படி நாம் சொல்லமாட்டோம். அவ்வளவு பாட்டை இக்காலத்துக் காது தாங்காது. 'கண்ணகி'யில் அவை கூடும் இடத்திலிருந்து பார்க்கட்டும். ஒரு முறை திரையைப் பாராமல், கண்ணை மூடிக்கொண்டு, பேச்சை மட்டும் கேட்கட்டும். வீட்டில் தோட்டத்திலே பிறந்த பாட்டி இருந்தால் அவரையும் பக்கத்தில் இருத்திக்கொள்ளட்டும்; அடுத்த வரியை அவரே சொல்லிவிடவும் கூடும்.